விலாசம் வெட்டிய கடிதம்

பெசன்ட் நகர்,
சென்னை-90
12-6-93

அன்புள்ள மன்னிக்கு,

சூடாமணியின் நமஸ்காரம். நாங்கள் இங்கே குடிவந்து பதினெட்டு நாள் ஆகிறது. இரண்டாவது மாடி. சாயங்காலமானால் கடல் காற்று வருகிறது, கூடவே ஊரூர் குப்பத்துக் கருவாட்டு வாசனையும் வருகிறது. உங்கள் மைத்துனர் ஜன்னலைச் சாத்து என்கிறார். நான் அவர் தூங்கியதும் திறந்துவிடுகிறேன்.

நாங்கள் சாமான் ஏற்றிய அன்று நீங்கள் உள்ளறையை விட்டு வெளியே வரவில்லை. சொல்லிக்கொள்ளாமல்தான் புறப்பட்டேன். தம் அண்ணா போய் வருஷாப்தீகம் கூட ஆகாத சமயத்தில் இவர் வீட்டில் பாகம் கேட்டது தப்பு. அப்போதே சொன்னேன். இந்த வீட்டில் என் பேச்சு எந்த அளவுக்கு எடுபடும் என்று உங்களுக்குத் தெரியாதா?

ஒரு காரியத்துக்காக எழுதுகிறேன். எங்களுக்கு வரும் தபாலை இந்த விலாசத்துக்குத் திருப்பிவிடச் சொல்லி மயிலாப்பூர் தபாலாபீசில் ஃபாரம் எழுதிக் கொடுத்திருக்கிறேன். கவுண்டரில் இருந்தவர், "போட்டாச்சும்மா, ஆனா உங்க தெரு போஸ்ட்மேன் பழக்கத்துல பழைய வீட்லயே போட்டுடுவார், அங்க யார்கிட்டயாவது சொல்லி வைங்க" என்றார். அதனால் புது விலாசத்தைப் பன்னிரண்டு சீட்டுகளில் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். தப்பித் தவறி ஏதாவது வந்தால் ஒரு சீட்டை மேலே ஒட்டித் தபால்காரரிடமே கொடுத்துவிடுங்கள், போதும்.

முக்கியமாக கிரீஷ். அப்பா கை நீட்டிய அன்று வீட்டை விட்டுப் போன பிள்ளை, இந்த இரண்டு வருஷமாக எழுதுவதெல்லாம் எனக்குத்தான். ஏப்ரலில் நாசிக்கிலிருந்து எழுதியபோது, அறையைக் காலி செய்கிறேன், வேறு இடம் கிடைத்ததும் விலாசம் எழுதுகிறேன் என்றான். இப்போது அவன் விலாசம் என்னிடம் இல்லை, என் விலாசம் அவனிடம் இல்லை. அவன் எழுதினால் பழைய சித்திரக்குளத்து வீட்டுக்குத்தான் எழுதுவான்.

உங்களுக்கு முட்டிவலி எப்படி இருக்கிறது?

உங்கள்
சூடாமணி


மயிலாப்பூர்
25-6-93

சூடாமணிக்கு,

உன் கடிதமும் பன்னிரண்டு சீட்டுகளும் வந்தன. கோந்தையும் நீயே தடவி அனுப்பியிருந்தால் எனக்கு இன்னும் சௌகரியமாக இருந்திருக்கும்.

இதுவரை வந்தவை: இன்ஷூரன்ஸ் நோட்டீஸ் ஒன்று, உன் புருஷனின் பென்ஷனர் சங்கக் கூட்ட அறிவிப்பு ஒன்று, உன் சித்தப்பா பெண்ணின் கல்யாணப் பத்திரிகை ஒன்று. மூன்றையும் சீட்டு ஒட்டித் தெருமுனைத் தபால் பெட்டியில் போட்டுவிட்டேன். முகூர்த்தம் நேற்றுக் காலையோடு முடிந்துவிட்டது. பத்திரிகை ரொம்ப அழகாக இருக்கிறது, பார்த்து சந்தோஷப்படு.

கிரீஷிடமிருந்து ஒன்றும் வரவில்லை.

அவர் போய் பத்தாம் மாசம், அவர் உட்கார்ந்த நாற்காலியின் சூடு ஆறுவதற்குள், கூடத்தில் டேப் வைத்து அளந்தார்கள். டேப்பின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டிருந்தது நீ. அதனால் என்னிடம் "அப்போதே சொன்னேன்" என்று எழுதாதே.

டெலிபோனும் செய்யாதே. மணி அடித்தால் இன்னமும் அவருக்குத்தான் என்று எழுந்து ஓடுகிறேன். எடுத்தால் உன் குரல். அதற்காக எழுந்த முட்டி இரண்டு நாள் வலிக்கிறது. இதுதான் நீ விசாரித்த முட்டிவலியின் சமாசாரம்.

கோமளம்


பெசன்ட் நகர்
19-7-93

மன்னிக்கு,

முந்தாநாள் கபாலி கோவிலுக்கு வந்தேன். உங்கள் வாசல் வழியாகத்தான் போனேன், உள்ளே வரவில்லை. தெற்கு மாட வீதியில் தபால்காரர் பீர் முஹம்மது சைக்கிளை நிறுத்திவிட்டு டீ குடித்துக்கொண்டிருந்தார். ஃபாரம் எழுதிக் கொடுத்தும் தபால் நேரே எங்களுக்கு வரவில்லையே என்று கேட்டேன். அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

"இன்னாமா இப்டி கேக்கறே? நீ வெள்ளிக்கெழம வெள்ளிக்கெழம வந்து வாங்கிக்கினு போறேன்னு மாமி சொன்னாங்களே. அதான் ஃபாரம் வந்தும் அங்கயே போட்டுக்கினு கீறேன். நாசிக் லெட்டர் ரெண்டு வந்துச்சே, கெடைக்கல?"

மன்னி, இரண்டு கடிதம். ஒன்று அல்ல. "ஒன்றும் வரவில்லை" என்று நீங்கள் எனக்கு எழுதிய வாரத்தில்தான் முதல் கடிதம் வந்தது என்று அவர் சொன்னார்.

எனக்குக் கோபப்படக்கூடத் தெரியவில்லை. இனி அங்கே போடாதீர்கள் என்று அவரிடம் சொல்லிவிட்டு வந்தேன். அவர் தலையை ஆட்டினார். ஆனால் வந்துபோன இரண்டும் உங்களிடம்தான் இருக்கின்றன. பிரிக்காமல் இருந்தாலும் சரி, பிரித்துப் படித்திருந்தாலும் சரி, அனுப்பிவிடுங்கள். நான் ஒரு வார்த்தை கேட்க மாட்டேன்.

சூடாமணி


மயிலாப்பூர்
2-8-93

சூடாமணிக்கு,

ஆமாம், வந்தது. இரண்டும் வந்தது. பிரித்தேன். ஒருமுறை இல்லை, தினம் காபி ஆறும்வரை படிக்கிறேன்.

முதல் கடிதத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். அவனுக்கு மஞ்சள் காமாலை வந்து தேறியிருக்கிறது. நீ அழப் போகிறாய் என்பதற்காக இதைச் சொல்லாமல் இருக்க முடியாது. பதினாறு நாள் மோர் சாதம் போட யாருமில்லாமல் கிடந்திருக்கிறான். மேல் மூலையில் புது விலாசம் எழுதியிருந்தான். அந்த மூலையைக் கத்தரித்துவிட்டேன். காகிதத்தின் பின்பக்கத்தில் அந்த இடத்தில் இருந்த ஏழெட்டு வார்த்தைகளும் அதோடு போய்விட்டன. "அம்மா, உன்னை" என்று ஆரம்பிக்கும் வரி அது. என்ன எழுதியிருப்பான் என்று யோசித்துக்கொண்டிரு. பொழுது போகும்.

ஏன் என்று கேட்பாய். சொல்கிறேன்.

எட்டு மாசக் குழந்தையாக அவனை என் மடியில் போட்டுவிட்டு நீ தாம்பரம் சானடோரியத்துக்குப் போனாய். இருமல் தேறி வந்தபின் உன் புருஷனுக்கு விஜயவாடா மாற்றல். "குழந்தை உங்ககிட்டயே இருக்கட்டும் மன்னி" என்று நீதான் சொன்னாய். ஏழு வயசுவரை என்னை அம்மா என்றுதான் கூப்பிட்டான். பெரியம்மா என்று சொல்ல நான்தான் பழக்கினேன், உனக்கு மனசு நோகக்கூடாதே என்று. பிறகு ஒரு லீவுக்கு வந்தவள் பெட்டியைக் கட்டினாய். அவன் என் புடவைத் தலைப்பை விடாமல் பிடித்துக்கொண்டு அலறினான். நீ உள்ளே உன் புருஷனிடம் சொன்னது எனக்குக் கேட்டது. "மலடி மடி குழந்தைக்கு ஆகாது, இன்னிக்கே போயிடலாம்."

பதினாலு வருஷமாயிற்று. நான் அதை யாரிடமும் சொன்னதில்லை. அவரிடம்கூட. இப்போது உனக்குத்தான் முதலில் சொல்கிறேன்.

கோமளம்


பெசன்ட் நகர்
23-8-93

மன்னி,

நேற்று நான் உங்கள் வாசலில் நின்றது அவருக்குத் தெரியாது. மூன்று தடவை கதவைத் தட்டினேன். நீங்கள் ஜன்னலைத்தான் திறந்தீர்கள்.

"யார் வேணும்?" என்றீர்கள்.

"நான்தான் மன்னி."

"இந்தாத்துல இருந்தவா காலி பண்ணிண்டு போயிட்டா. விலாசம் தெரியாது."

பக்கத்து வீட்டு மாமி கோலமாவுக் கிண்ணத்தோடு பார்த்துக்கொண்டிருந்தாள். நான் படியில் உட்கார்ந்துவிட்டேன். வெயில் ஏறி, எதிர்வீட்டு நிழல் சுருங்கி, பன்னிரண்டு மணி வரை உட்கார்ந்திருந்தேன். உள்ளே நீங்கள் ரேடியோவை வைத்தீர்கள்.

அன்று நான் சொன்னதைச் சொல்லவில்லை என்று சொல்லப்போவதில்லை. சொன்னேன். ஏழு வருஷம் கழித்து என் குழந்தையைத் தூக்கினால் அவன் என்னை உதைத்தான், மன்னி. ஊர் பெயர் தெரியாத ஒருத்தி தூக்கின மாதிரி உதைத்தான். அந்த ஆத்திரத்தில் வாயில் வந்தது. உங்கள் காதில் விழும் என்று நினைக்கவில்லை. விழுந்தால் நல்லது என்றும் ஒரு நிமிஷம் நினைத்தேன். அதையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

காலில் விழச் சொன்னால் விழுகிறேன். அவன் விலாசம் ஒரு வரி. அதை மட்டும் எழுதுங்கள். என்ன கேட்டாலும் செய்கிறேன்.

சூடாமணி


மயிலாப்பூர்
10-9-93

சூடாமணிக்கு,

"என்ன கேட்டாலும் செய்கிறேன்" என்று எழுத்தில் கொடுத்திருக்கிறாய். காலில் விழ வேண்டாம். நீ விழுந்தால் உன்னைத் தூக்கிவிட நான் குனிய வேண்டும்.

கிரீஷுக்கு ஒரு கடிதம் எழுது. நான் சொல்வதுபோல எழுது. "உன்னைப் பெற்றவள் நான், வளர்த்தவள் பெரியம்மா. உன்னை அவளிடமிருந்து பிடுங்கிக்கொண்டு போனது பாசத்தால் இல்லை, வீம்பால். உன்னால் எனக்கும் உன் அப்பாவுக்கும் சண்டைதான் மிச்சம். எங்களுக்கு வயசாகிவிட்டது. எங்களை நிம்மதியாக இருக்க விடு. உனக்கு வீடு என்றால் அது மயிலாப்பூர்தான்."

இதில் எது பொய்? ஒன்றும் இல்லை. நான் உன்னைப் பொய் எழுதச் சொல்லவில்லை.

உன் கையெழுத்தில் இருக்க வேண்டும். வந்ததும் அவனுக்கு அனுப்புகிறேன். அனுப்பிய பிறகு அவன் விலாசம் உனக்கு.

கோமளம்


பெசன்ட் நகர்
18-9-93

மன்னி,

எழுதிவிட்டேன். நாலு தடவை எழுதிக் கிழித்து, ஐந்தாவதை வைத்திருக்கிறேன். நீங்கள் சொன்னதில் ஒரு வார்த்தையும் விடவில்லை. நானாகச் சேர்த்தது கடைசியில் போட்டிருக்கும் "அம்மா" என்ற கையெழுத்து மட்டும்தான். அதை வெட்டாதீர்கள்.

விலாசம் கிடைத்ததும் நானே அவனுக்கு வேறு கடிதம் எழுதி எல்லாவற்றையும் விளக்கிக்கொள்வேன். அதையும் உங்களிடம் மறைக்கவில்லை. காத்திருக்கிறேன்.

சூடாமணி


கார்டு
16-11-93

மன்னி, இது நான் எழுதும் நாலாவது கார்டு. தீபாவளியும் போய்விட்டது. நீங்கள் வாக்குக் கொடுத்தீர்கள். சூடாமணி.


மயிலாப்பூர்
27-1-94

சூடாமணிக்கு,

உன் கார்டுகள் வந்தன. நான் வாக்குத் தவறுகிறவள் இல்லை. கேட்ட விலாசத்தைத் தருகிறேன்: அறை எண் 9, பஞ்சவடி, நாசிக். அங்கே இப்போது யாரும் இல்லை.

போகிக்கு முதல் நாள் கிரீஷ் வந்தான். ஆறு நாள் இருந்தான். காமாலை வந்த உடம்பு, கழுத்தெலும்பு தெரிகிறது. மோர்க்குழம்பும் பருப்புத் துவையலும் பண்ணிப் போட்டேன். மஸ்கட்டில் ஒரு கட்டடக் கம்பெனியில் வேலை கிடைத்திருக்கிறது. இருபத்திரண்டாம் தேதி பம்பாயிலிருந்து விமானம் ஏறிவிட்டான்.

உன் கடிதத்தை அவனுக்குத் தபாலில் அனுப்பவில்லை. ஜூலையிலேயே இனி என் பெயருக்கு எழுது என்று அவனுக்கு எழுதிவிட்டேன், உன் கடிதத்தை மட்டும் அவன் வரட்டும் என்று வைத்திருந்தேன். வந்த அன்றே, சட்டையைக்கூட மாற்றாமல், "அம்மா எங்க பெரியம்மா?" என்றான். "காலி பண்ணிண்டு போயிட்டா. எங்கேன்னு எனக்குச் சொல்லலை. உனக்கு இதைக் கொடுக்கச் சொன்னா" என்று நீட்டினேன். கத்தரிக்கோல் பக்கத்திலேயேதான் இருந்தது. நான் தொடவில்லை. "அம்மா" என்று கையெழுத்துப் போட்டிருந்ததால்தான் அது அவனைச் சுட்டது. வேறு யாரோ எழுதியது என்று ஆறுதல் சொல்லிக்கொள்ள அவனுக்கு வழியில்லை.

படித்துவிட்டு மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான். "அப்பா சொல்லியிருப்பார்னு நினைச்சேன். அம்மாவேவா?" என்றான்.

காணும் பொங்கலன்று சிநேகிதர்களோடு எலியட்ஸ் பீச்சுக்குப் போய்விட்டு வந்தான். கால்சராய் மடிப்பெல்லாம் மணல். உன் வீட்டிலிருந்து அந்த மணல் எத்தனை அடி தூரம், சூடாமணி? நீ ஜன்னலைத் திறந்து வைத்திருந்தாயா?

கோமளம்


பெசன்ட் நகர்
4-4-94

கோமளம் அம்மாளுக்கு,

இனி உங்களை மன்னி என்று எழுதப்போவதில்லை.

போன மாதம் அடையாறு டிப்போவில் கிரீஷுடன் படித்த ஷ்ரவணைப் பார்த்தேன். "என்ன ஆன்ட்டி, நீங்க மெட்ராஸ்லதான் இருக்கீங்களா? எங்க போனீங்கன்னே தெரியலன்னு கிரீஷ் சொன்னானே?" என்றான். பஸ்ஸை விட்டுவிட்டு அவனை நிறுத்தி வைத்து எல்லாம் கேட்டேன். மஸ்கட் விலாசத்தை என் கையில் எழுதிக் கொடுத்தான். காகிதம் இல்லை. வீடு வரும்வரை அந்தக் கையால் எதையும் தொடவில்லை.

உங்கள் கடிதங்கள் அத்தனையையும் ஜெராக்ஸ் எடுத்து அவனுக்கு அனுப்பிவிட்டேன். மூலையை வெட்டியதாக எழுதியது, நான் என்ன எழுத வேண்டும் என்று நீங்கள் சொல்லிக்கொடுத்தது, ஜன்னலைத் திறந்து வைத்திருந்தாயா என்று கேட்டது, எல்லாம். நான் ஒன்றும் சேர்க்கவில்லை. உங்கள் கையெழுத்து முத்து முத்தாக இருக்கிறது, ஜெராக்ஸில் தெளிவாக விழுந்தது.

அவன் மடியில் கிடந்தானே, அந்த மடி எப்படிப்பட்டது என்று இப்போது அவனுக்குத் தெரிந்திருக்கும்.

சூடாமணி


மயிலாப்பூர்
20-6-94

சூடாமணி,

கிரீஷுக்கு மூன்று கடிதம் எழுதினேன். மூன்றும் திரும்பி வந்துவிட்டன. கவர் பிரிக்கப்படவில்லை. மேலே அவன் கையெழுத்திலேயே "வேண்டாம், திருப்பி அனுப்பவும்" என்று இருந்தது. மூன்றாவதைக் கொண்டுவந்த பீர் முஹம்மது, "இன்னா மாமி, கடல் தாண்டிப் போன லெட்டரு இப்டி திரும்பி வந்துக்கினே கீது?" என்று கேட்டான். தெருவே கேட்டது.

நான் செய்ததை நியாயம் என்று எழுத உட்காரவில்லை. எனக்கு அறுபது ஆகப்போகிறது. இந்த வீட்டில் என்னைத் தவிரப் பல்லிதான் இருக்கிறது. ராத்திரி யாராவது கூப்பிட்ட மாதிரி இருந்தால், அவரா அவனா என்று தெரியாமல் இருவர் பெயரையும் சொல்லிப் பார்க்கிறேன்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். உன் கடிதங்களும் திரும்பி வந்தனவா? அவனுக்கு நாம் இரண்டு பேருமே வேண்டாம் என்றால் சரி, நான் சகித்துக்கொள்வேன். செய்த பாவத்துக்குக் கூலி என்று உட்கார்ந்துவிடுவேன். உன்னை மட்டும் வைத்துக்கொண்டு என்னைத் தள்ளிவிட்டான் என்றால் அதை என்னால் தாங்க முடியாது. உள்ளதை எழுது. ஒரு வரி போதும்.

நான் உன்னிடம் கேட்கும் கடைசி விஷயம் இதுதான்.

கோமளம்


(எழுதி, அனுப்பாமல் நோட்டுப் புத்தகத்திலேயே விட்டது)

பெசன்ட் நகர்
26-6-94

மன்னி,

உள்ளதை எழுதச் சொன்னீர்கள். எழுதுகிறேன்.

ஜெராக்ஸ் போய்ச் சேர்ந்ததும் அவனிடமிருந்து எனக்கு ஒரே ஒரு கடிதம் வந்தது. அதில் பாதிப் பக்கம்கூட இல்லை. "பெரியம்மா சொல்லித்தான் எழுதினாய் என்று இப்போது தெரிகிறது. யார் சொன்னால் என்ன, எழுதிய கை உன்னுடையதுதானே அம்மா? ஒரு விலாசத்துக்காக என்னை வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தாய். அவள் என்னை வைத்து உன்னை அடித்தாள். இப்போது நீ என்னை வைத்து அவளை அடிக்கிறாய். அடிபட்டது நான். இனி யாரும் எழுத வேண்டாம்" என்று இருந்தது.

அதற்குப் பிறகு நான் ஐந்து கடிதம் எழுதினேன். ஐந்தும் திரும்பி வந்துவிட்டன, நீங்கள் சொன்ன அதே வார்த்தைகளோடு. அவற்றை அரிசி டின்னுக்கு அடியில் வைத்திருக்கிறேன், அவர் கண்ணில் படாமல்.

ஆக நம் இருவருக்கும் ஒன்றுதான் கிடைத்தது. இந்த ஊரில் எனக்கு என்ன நேர்ந்தது என்று சொன்னால் புரிந்துகொள்ளக்கூடியவர் நீங்கள் ஒருவர்தான். ஒருநாள் வரட்டுமா என்று கேட்கத் தோன்றுகிறது. ஜன்னலுக்குப் பதில் கதவைத் திறப்பீர்கள் என்றால்


பெசன்ட் நகர்
27-6-94

கோமளம் அம்மாளுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது.

என் கடிதம் எதுவும் திரும்பி வரவில்லை. ஏன் வர வேண்டும்? கிரீஷ் வாரத்துக்கு ஒரு கடிதம் எழுதுகிறான். உடம்பு தேறிவிட்டதாம். போட்டோ அனுப்பியிருக்கிறான், கன்னம் உப்பியிருக்கிறது. அவனும் அவரும்கூடப் பேசிக்கொள்கிறார்கள். போன ஞாயிற்றுக்கிழமை டெலிபோனில் அப்பா என்று கூப்பிட்டான், அவர் அழுதுவிட்டார்.

தீபாவளிக்கு வருகிறான். ஒரு மாதம் இங்கேதான் தங்குவான். மயிலாப்பூர்ப் பக்கம் வருகிற உத்தேசம் இல்லை.

உங்களைப் பற்றி நானாக ஒருமுறை எழுதிப் பார்த்தேன், வயசானவர், தனியாக இருக்கிறார் என்று. அந்த ஒரு வரிக்கு மட்டும் அவன் பதில் எழுதவில்லை.

சூடாமணி